குணசித்திர நடிகரின் இரு வாழ்வு

தமிழ்த் திரைப்படத்தின் வரலாற்றை நம்மிற் பெரும்பாலோர் கதாநாயகர்களின் வரலாறாகவே அறிந்திருக்கிறோம். பாகவதர் காலம், சின்னப்பா காலம், எம்.ஜி.ஆர். - சிவாஜி காலம் என்று, மன்னர்களின் ஆட்சியை வகுப்பது போல அதனை வகுத்துப் பேசுவது வழக்கமாகிவிட்டது. மன்னர் பெயர்களை மட்டும் கொண்டு எழுதப்படும் நாட்டு வரலாறு மக்களை மறைத்துவிடும் என்பதை அறிஞர்கள் உணர்ந்து வெகுகாலமாயிற்று. கலை வரலாற்றில் மட்டும் அவ்வுணர்வு இன்னும் முழுமையாக வந்து சேரவில்லை. அண்ணனாக, தந்தையாக, நீதிபதியாக, ஊர்ப் பெரியவராக வந்து நின்று, கதையின் பாரத்தைத் தோளில் தாங்கிவிட்டு, சுவரொட்டியில் கடைசி வரிக்குப் போய்விடுகிற நடிகர்கள் உண்டு. குணசித்திர நடிகர் என்று அவர்களைச் சொல்கிறோம். எஸ்.வி. சகஸ்ரநாமம் (1913 - 1988) அவர்களுள் ஒருவர். திரையில் ஏறத்தாழ எப்போதும் இரண்டாம் வரிசையில் நின்ற இவரே, தமிழ் நாடக மேடையில் ஒரு தலைமுறையின் முதல் வரிசையில் நின்றவர் என்பது நம் மாணவர்களில் எத்தனை பேருக்குத் தெரியும்?

மலையகத்து முதியவர்களிடம் அவருடைய படத்தைக் காட்டினால், ‘பராசக்தியில் ஜட்ஜாக வந்த அண்ணன்’ என்று உடனே சொல்வார்கள். பெயரைக் கேட்டால் சற்றுத் தயங்குவார்கள். 1952ஆம் ஆண்டு தீபாவளிக்கு வெளியான ‘பராசக்தி’ இலங்கையிலும் நெடுநாள் ஓடிய படம். அதன் புகழெல்லாம் கலைஞர் கருணாநிதியின் வசனத்துக்கும், புதுமுகமாக வந்த சிவாஜி கணேசனின் நாவன்மைக்கும் உரியதாகவே பேசப்பட்டு வந்திருக்கிறது, அது நியாயமும்கூட. ஆயினும் அட்டனிலும் நுவரெலியாவிலும் தலவாக்கலையிலும் அப்படத்தைப் பார்த்துக் கண்ணீர் விட்ட தொழிலாளிக்கு அதில் வேறொரு செய்தியும் இருந்தது. பிழைப்புக்காக இரங்கூனுக்குப் போன மூன்று சகோதரர்கள்; தாய்நாட்டில் தனித்து நின்ற ஒரு தங்கை; இடையே கடலும் போரும். 1948இல் குடியுரிமையையும் அதனை அடுத்து வாக்குரிமையையும் இழந்து, எந்தக் கரைக்கு உரியவர் என்று தெரியாமல் நின்ற ஒரு மக்கள் கூட்டத்துக்கு இந்தக் கதையை எவரும் விளக்கிச் சொல்லத் தேவையிருக்கவில்லை. 1964இல் சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் என்று பங்கிட்டு, 1,50,000 பேரின் விதியைப் பின்னொரு நாளுக்கு ஒத்திவைத்தபோது, அண்ணன் ஒரு கரையிலும் தங்கை மறுகரையிலும் ஆவது வெண்திரையை விட்டு இறங்கி லயத்து வாசலுக்கே வந்துவிட்டது.

அந்தப் படத்தில் சகஸ்ரநாமம் ஏற்றது மூத்த அண்ணன் சந்திரசேகரனின் பாத்திரம். பெற்ற குழந்தையைக் கொன்ற குற்றத்துக்காகக் கூண்டில் நிற்கும் பெண் தன் வறுமையைச் சொல்லச் சொல்ல, அவள் தன் தங்கை கல்யாணியே என்பது நீதிபதி ஆசனத்தில் இருக்கும் அவருக்குப் புலனாகிறது. அடுக்குமொழிக்கு அங்கே அவருக்கு இடமில்லை. கேட்பதுதான் வேலை. பேசுகிறவனைக் காட்டிலும் கேட்கிறவன் நடிப்பது கடினம் என்பதை நாடகம் பழக்கும் எந்த ஆசிரியரும் அறிவார். சட்டத்தின் முகம் மெல்ல மெல்லக் கரைந்து ஓர் அண்ணனின் முகம் ஆவதை அவர் கண்களாலும் கழுத்தசைவாலுமே காட்டிவிடுகிறார். அடக்கம் என்ற ஒரு சொல்லுக்குள் அவருடைய நடிப்பிலக்கணம் முழுவதையும் அடக்கிவிடலாம் என்று நமக்குத் தோன்றுகிறது.

இந்த அடக்கம் எங்கிருந்து வந்தது? அவர் பயின்ற பள்ளியோ அடக்கத்துக்குப் பேர்போனதன்று. கோயம்புத்தூரை அடுத்த சிங்காநல்லூரில் பிறந்த சகஸ்ரநாமம், சிறு வயதிலேயே டி.கே.எஸ். சகோதரர்களின் நாடகக் குழுவில் சேர்ந்தார். பாய்ஸ் கம்பெனிகளின் காலம் அது. சங்கரதாஸ் சுவாமிகள் 1918இல் மதுரையில் தொடங்கிய தத்துவ மீனலோசனி வித்துவ பால சபையில் பயின்ற டி.கே.எஸ். சகோதரர்கள், 1925இல் பாலஷண்முகானந்த சபையைத் தாமே தொடங்கினார்கள். பத்துப் பன்னிரண்டு வயதுச் சிறுவர்கள் கம்பெனி வீட்டில் தங்கி, விடியலில் பாட்டும் பகலில் பாடமும் இரவில் மேடையுமாக வளர்ந்தார்கள். ராஜபார்ட், ஸ்திரீபார்ட் என்று ஆளுக்கொரு வேடம். வாத்தியாரின் பிரம்புக்கும் பஞ்சமில்லை. ஒலிபெருக்கி இல்லாத கொட்டகையில் கடைசி வரிசைக்குக் கேட்க வேண்டுமானால் உச்ச ஸ்தாயியில்தான் பாட வேண்டும், பேச வேண்டும். மகரக்கட்டு உடைந்த நாளோடு பல சிறுவர்களின் எதிர்காலமும் உடைந்துபோயிற்று. தமிழ்த் திரையுலகில் பெயர் பெற்ற என்.எஸ். கிருஷ்ணன், எம்.ஆர். ராதா, எம்.ஜி.ஆர்., சிவாஜி முதலிய பலரும் இவ்வகைக் குழுக்களில் பசியையும் பாட்டையும் ஒருசேரக் கற்றவர்கள். அவர்களோடு பயின்று பெயரின்றிப் போனவர்கள் அவர்களைக் காட்டிலும் பலர்.

டி.கே.எஸ். குழு வெறும் புராணக் குழுவாக நின்றுவிடவில்லை. வெ. சாமிநாத சர்மா எழுதிய ‘பாணபுரத்து வீரன்’ நாடகத்தைத் ‘தேசபக்தி’ என்ற பெயரில் 1931இல் அவர்கள் மேடையேற்றினார்கள். பாரதியின் பாடல்கள் அம்மேடையில் ஒலித்தன. கலைவாணர் காந்தியின் கதையை வில்லுப்பாட்டாகச் சொன்னார். விடுதலை வேட்கையும் பாரதியும் நாடகமும் ஒன்றாய்க் கலந்த அந்தக் காற்றைச் சுவாசித்து வளர்ந்தவர் சகஸ்ரநாமம். பிற்காலத்தில் அவர் செய்த காரியங்களுக்கு வித்து அங்கேயே விழுந்தது எனலாம். அக்குழுவினர் நடித்து 1935இல் வெளிவந்த ‘மேனகா’ திரைப்படமே அவருக்கும் திரையின் வாயிலாயிற்று.

அடுத்த ஆண்டில் வந்த வேறொரு படத்தைப் பற்றி, அதில் அவர் இல்லையெனினும், மலையகத்தார் என்ற முறையில் இங்கே ஒன்று சொல்ல வேண்டும். எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கிய ‘சதிலீலாவதி’ (1936), எம்.ஜி.ஆர்., என்.எஸ்.கே., டி.எஸ். பாலையா ஆகிய மூவருக்கும் முதற்படம் என்று கொண்டாடப்படுவது. நாவலப்பிட்டியில் பிறந்தவர் என்று எம்.ஜி.ஆரை நம்மவர் உரிமையோடு சொல்லிக்கொள்வதும் உண்டு. அப்படத்தின் கதாநாயகன் கொலைப்பழிக்கு அஞ்சி எங்கே ஓடுகிறான்? இலங்கைத் தேயிலைத் தோட்டத்துக்கு. அங்கே கூலியாக உழைத்துத் துன்புறுகிறான். குடித்துக் கெட்ட ஒருவனுக்குத் தண்டனையாக விதிக்கப்படும் இடமாகவே நம் மலைகள் தமிழ்த் திரைக்குள் முதன்முதல் நுழைந்தன. அவன் பக்கத்தில் நின்று தலைமுறை தலைமுறையாகக் கொழுந்து பறித்தவர்கள் எந்தக் குற்றம் செய்து அங்கே வந்தார்கள் என்று அந்தப் படம் கேட்கவில்லை. கேட்டிருக்க வேண்டும் என்று அக்காலப் படத்தை இன்று கடிந்துகொள்வதில் பயனில்லை. ஆனால் உழைப்பவனின் வாழ்வு கதைக்குப் பின்னணியாக நிற்பது வேறு, கதையே அதுவாவது வேறு. இந்த இரண்டுக்கும் இடையே உள்ள தூரத்தைத் தமிழ் மேடை கடந்த வழியில்தான் சகஸ்ரநாமத்தின் இடம் இருக்கிறது.

1944ஆம் ஆண்டின் இறுதியில் லட்சுமிகாந்தன் கொலை வழக்கில் கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணன் கைது செய்யப்பட்டார். அவருடைய நாடகக் குழு தலைவனை இழந்தது. அதை நம்பிப் பிழைத்த குடும்பங்கள் எத்தனையோ. அந்நிலையில் என்.எஸ்.கே. நாடக சபையின் பொறுப்பைச் சகஸ்ரநாமம் ஏற்று நடத்தினார். முதியவனுக்கு இளம்பெண்ணை மணமுடிக்கும் கொடுமையையும், கைம்பெண் மறுமணத்தையும் பேசிய ‘பைத்தியக்காரன்’ கதையைக் கிருஷ்ணன் - பஞ்சு இயக்கத்தில் திரைப்படமாக்குவதிலும் முன்நின்று அதில் நடித்தார். 1947இல் விடுதலையாகி வந்த கலைவாணரும் அப்படத்தில் தோன்றினார். ஒரு குழுவைக் காப்பதற்காகப் படமெடுப்பது என்ற வழக்கம் சகஸ்ரநாமத்தைப் பொறுத்தவரை இங்கே தொடங்கிற்று. மற்றவர்களுக்கு நாடகம் திரைக்கு ஏறும் ஏணி. இவருக்குத் திரை நாடகத்தைத் தாங்கும் தூண்.

1950களின் தொடக்கத்தில் அவர் நிறுவிய ‘சேவா ஸ்டேஜ்’ அத்தூணின் மேல் எழுந்த கட்டடம். அதன் பெருமை என்ன என்பதைச் சற்று விரித்துச் சொல்ல வேண்டும். அதுவரை தமிழ் மேடையில் நாடகத்தை ‘எழுதியவர்’ என்பவர் பெரும்பாலும் குழுவுக்குள்ளேயே இருந்த வாத்தியார். பாட்டெழுதத் தெரிந்தவர், வேடம் புனையத் தெரிந்தவர், காட்சி முடிவில் கைதட்டல் வாங்கும் வித்தை அறிந்தவர். மறுபுறத்தில், ‘மணிக்கொடி’ இதழ் வழியாக வளர்ந்த சிறுகதையும் நாவலும் உலகத்தரத்தை எட்டிக்கொண்டிருந்தன. இந்த இரண்டு உலகங்களும் ஒன்றையொன்று பாராமல் ஒரே ஊரில் வாழ்ந்தன. சகஸ்ரநாமம் எழுத்தாளர்களின் வாயிலுக்குச் சென்று நாடகம் கேட்டார். மணிக்கொடியைச் சிறுகதை ஏடாக நடத்திய பி.எஸ். ராமையா அவருக்காகத் ‘தேரோட்டி மகன்’, ‘மல்லியம் மங்களம்’, ‘போலீஸ்காரன் மகள்’ முதலியவற்றை எழுதினார். தி. ஜானகிராமன் ‘நாலு வேலி நிலம்’, ‘வடிவேலு வாத்தியார்’ ஆகியவற்றைக் கொடுத்தார். இவை இலக்கியமாக எவ்வளவு நிற்கும் என்பதில் கருத்து வேறுபாடு இருக்கலாம். நம்மைக் கேட்டால், ஜானகிராமனின் நாடகங்களை அவருடைய சிறுகதைகளுக்குச் சமமாக வைக்க மாட்டோம். ஆனால், பேனா பிடித்தவனும் அரிதாரம் பூசியவனும் ஒரே ஒத்திகைக் கூடத்தில் உட்கார்ந்து ஒரு வசனத்துக்காக வாதிட்டார்களே, அது தமிழில் ஒரு புது நிகழ்ச்சி.

‘தேரோட்டி மகன்’ என்ற தலைப்பையே பாருங்கள். கர்ணன் என்று சொல்லியிருக்கலாம். கொடைவள்ளல் என்று சொல்லியிருக்கலாம். கூத்தில் நாம் கண்ட கர்ணன் கவச குண்டலத்தோடு வருகிறவன். ராமையா அவனை அவனுடைய வளர்ப்புத் தந்தையின் தொழிலைச் சொல்லி அழைத்தார். பிறப்பைக் காட்டி ஒருவனை ஒதுக்கும் சமுதாயத்தின் கேள்வி அந்த இரண்டு சொற்களிலேயே எழுந்துவிடுகிறது. ‘தோட்டக்காட்டான்’ என்ற வசவைக் கேட்டு வளர்ந்த நமக்கு அந்தத் தலைப்பின் கூர்மை இன்னும் சற்று ஆழமாகவே தைக்கும்.

‘நாலு வேலி நிலம்’ தஞ்சை மண்ணின் கதை. நான்கு வேலி என்பது ஏறக்குறைய 26 ஏக்கர். நிலத்தின் அளவையே தலைப்பாக்கிய நாடகத்தை, 10 அடிக்கு 12 அடி லயத்துக் காம்பராவில் குடும்பத்தோடு வாழும் ஒருவன் வாசிக்கும்போது அவன் மனத்தில் ஓடும் கணக்கு வேறு. நூற்றைம்பது ஆண்டுகளுக்கு மேலாக மலைகளைத் திருத்தித் தளிர்க்கச் செய்த மக்களுக்கு, அந்த மண்ணில் ஒரு சாண் இடத்துக்கும் உறுதி இருக்கவில்லை. அவர்களுடைய முன்னோரில் பலர் தஞ்சை, திருச்சி, புதுக்கோட்டை, சேலம் பகுதிகளில் இப்படிப்பட்ட வேலிக்கணக்கான நிலங்களில் கூலியாகவும் பண்ணையாளாகவும் இருந்து, பஞ்சத்தால் தள்ளப்பட்டு, மன்னார்க் கரையிறங்கி நடந்து வந்தவர்கள்தாம். இந்த நாடகத்தைச் சகஸ்ரநாமம் தாமே தயாரித்து 1959இல் திரைப்படமாகவும் கொண்டுவந்தார். இயக்கியவர் முக்தா வி. சீனிவாசன். படம் வசூலில் வெற்றி பெறவில்லை. கனவுக் காட்சிகளுக்குப் பழகிய இரசிகரிடம் வயலையும் வரப்பையும் காட்டினால் வேறு எது நடக்கும் என்று சிலர் கேட்கக்கூடும். நட்டத்துக்குப் பிறகும் அவர் மேடையை மூடிவிட்டுப் போகவில்லை என்பதே நாம் கவனிக்க வேண்டியது. மறுபடியும் படங்களில் அண்ணனாகவும் அப்பாவாகவும் நடிக்கப் போனார். அந்த ஊதியத்தைக் கொண்டு அடுத்த நாடகத்துக்குத் திரை கட்டினார்.

பாரதியைப் பற்றியும் சொல்லாமல் விடுவதற்கில்லை. ‘பாஞ்சாலி சபத’த்தை அவர் மேடையேற்றியது, படிக்கும் காவியமாக இருந்ததைப் பார்க்கும் காவியமாக்கிய முயற்சி. வகுப்பறையில் அருஞ்சொற்பொருள் எழுதவைத்தே கொன்றுவிடுகிற நாம், அந்தச் செய்யுள்கள் மனிதர் வாயிலிருந்து கோபமாகவும் விம்மலாகவும் பிறக்கக் கூடியவை என்பதை அவரிடமிருந்து கற்றிருக்கலாம்.

அவருடைய மேடை நடிப்பு நம் தலைமுறைக்குக் கிட்டாது போயிற்று. திரையில் எஞ்சியவற்றைக் கொண்டே அறிய வேண்டியிருக்கிறது. ஸ்ரீதர் இயக்கிய ‘போலீஸ்காரன் மகள்’ (1962) அதற்குத் தக்க சான்று. ராமையாவின் நாடகமே படமானதால், நாடகத்தில் அவர் செதுக்கிய தந்தையைத் திரையிலும் காண முடிகிறது. கடமை தவறாத போலீஸ்காரர். வீட்டிலும் சட்டையைக் கழற்றாத மனிதர் என்றே சொல்லலாம். மகளின் வாழ்வு சிதையும்போது அவர் குரலை உயர்த்துவதில்லை, தாழ்த்துகிறார். உச்ச ஸ்தாயியில் பயின்ற தொண்டை அது என்பதை நினைத்தால் அந்தத் தாழ்வின் அருமை விளங்கும். தொழிலாளர் வாழ்வைச் சொல்லத் துணிந்த நிமாய் கோஷின் ‘பாதை தெரியுது பார்’ (1960) படத்திலும் அவர் பங்கு கொண்டார். எம்.பி. சீனிவாசன் இசையமைத்த அப்படம் திரையரங்குகளில் நிலைக்காமல் போனது தமிழ்த் திரையின் துரதிருஷ்டங்களுள் ஒன்று. நெடுநாள் கழித்து ‘உரிமைக்குரல்’ (1974) படத்தில் எம்.ஜி.ஆருக்கு அண்ணனாக வந்தார். மறுபடியும் அண்ணன், மறுபடியும் நிலம். இடைப்பட்ட படங்கள் பலவற்றில் அவருக்குக் கொடுக்கப்பட்டவை, வேறு எவரும் செய்துவிடக்கூடிய வேடங்கள்தாம். அவற்றை ஒவ்வொன்றாக இங்கே எடுத்துரைப்பதில் பொருளில்லை. அவை நாடகத்துக்கு வந்த சம்பளச் சீட்டுகள்.

பிற நாடுகளில் இத்தகைய நடிகன் எவ்வாறு வாழ்ந்தான்? ஜெர்மன் மொழி பேசும் நாடுகளில் பெருநகரங்களுக்கும் நடுத்தர நகரங்களுக்கும் பொதுப்பணத்தில் இயங்கும் நாடகசாலைகள் உண்டு. அங்கே குணசித்திர நடிகர் ஒருவர் ஆண்டு முழுதும் மாதச் சம்பளம் பெற்று மேடையில் நடிக்கலாம். படம் அவருக்கு உபதொழில். 1949இல் பிரெக்டும் அவர் மனைவி ஹெலேன வைகலும் பெர்லினில் தொடங்கிய ‘பெர்லினர் அன்சாம்பிள்’ அரசின் ஆதரவோடு நின்ற குழு. மேடை பறிபோனால் நடிகன் என்ன ஆவான் என்பதற்கும் அம்மொழியிலேயே எடுத்துக்காட்டு உண்டு. பீட்டர் லொரே 1931இல் பிரெக்டின் நாடகத்திலும், அதே ஆண்டில் பிரிட்ஸ் லாங்கின் ‘எம்’ படத்திலும் நடித்துப் பெரும்புகழ் பெற்றவர். யூதராகப் பிறந்த அவர் 1933இல் நாஜிகளால் நாடுவிட்டு ஓட நேர்ந்தது. ஹாலிவுட் அவருக்கு வேலை கொடுத்தது. ஆனால் கொலைகாரன், சதிகாரன் என்று ஒரே அச்சில் வார்த்த வேடங்களையே பெரும்பாலும் கொடுத்தது. மேடை என்ற மறுகரை இல்லாத நடிகன் திரைக்கு அடிமையாவான் என்பதற்கு அவர் வாழ்வு சாட்சி. சகஸ்ரநாமத்துக்கு நகராட்சியும் இல்லை, அரசும் இல்லை. தமக்கு வேண்டிய மறுகரையைத் தாமே மண் சுமந்து கட்டிக்கொண்டார். 1967இல் இந்திய சங்கீத நாடக அகாதமி அவருக்கு விருதளித்தது. கரை கட்ட அது போதாது.

சேவா ஸ்டேஜில் பழகியவர்கள் பலர் திரைக்குப் போனார்கள். முத்துராமன் கதாநாயகன் ஆனார். வி. கோபாலகிருஷ்ணனும் எஸ்.என். லட்சுமியும் குணசித்திர நடிகர்களாகவே நெடுங்காலம் நிலைத்தார்கள். ஒரு குழு நல்ல நடிகனை உருவாக்க உருவாக்க, திரை அவனைக் கொண்டுபோய்விடும். கடைசியில் குழுவுக்கு எஞ்சுவது ஒத்திகைக் கூடத்தின் வாடகைப் பாக்கி. இந்தக் கொள்ளையைத் தடுக்க அவரால் இயலவில்லை. தடுக்க எண்ணினார் என்றும் நாம் கருதவில்லை. ஆனால் அங்கே இருந்தவர்களில் ஒருவர் எதிர்த்திசையில் போனார். கோமல் சுவாமிநாதன் அக்குழுவில் நாடகம் கற்று, பின்னர் சொந்தக் குழு அமைத்து, 1980இல் ‘தண்ணீர் தண்ணீர்’ எழுதினார். குடிநீருக்காக ஒரு கிராமமே படும் பாட்டைச் சொன்ன அந்நாடகம், மறு ஆண்டில் கே. பாலசந்தர் இயக்கத்தில் படமாயிற்று. இங்கே கதாநாயகன் ஊர்தான்.

இலங்கையில் இந்த வழி முற்றிலும் திறக்கப்படாமல் இருந்ததென்று சொல்வதற்கில்லை. அட்டனை மையமாகக் கொண்டு தொழிற்சங்கம் வளர்த்த கோ. நடேசய்யர், துண்டுப்பிரசுரத்தோடு நாடகத்தையும் கையிலெடுத்தவர். அது தொழிலாளியின் துயரத்தைப் பேசிற்று. 1975இல் வி.பி. கணேசனின் ‘புதிய காற்று’ தோட்ட வாழ்வைத் திரைக்குக் கொண்டுவந்தது. அதன் கதையைக் கொடுத்தவர் மாத்தளை கார்த்திகேசு. ஆனால் மேடைக்கென்று வாழ்ந்து, அதற்காகத் திரையில் உழைத்த ஒரு குணசித்திர நடிகருக்கு இங்கே களமே இருக்கவில்லை. ஆண்டுக்கு ஒரு படம் வருவதும் அரிதாக இருந்த நாட்டில் அவன் எதை உழைத்து எதைக் காப்பான்?

பாடசாலைகளில் இன்று ‘நாடகமும் அரங்கியலும்’ ஒரு பாடம். சங்கரதாஸ் சுவாமிகளையும் பம்மல் சம்பந்த முதலியாரையும் மாணவர்கள் ஆண்டுகளோடு ஒப்புவிக்கிறார்கள். தமிழ்மொழித் தினப் போட்டிக்கு நாடகம் பழக்கும்போது, கிரீடம் வைத்த வேடத்துக்குப் பத்துப் பேர் கையுயர்த்துவார்கள். கங்காணியாக வர ஓரிருவர் இசைவார்கள்; பெட்டியடி வீட்டில் கூலி கேட்டு நிற்கும் கிழவனாக வர எவரும் முன்வர மாட்டார்கள். அந்தக் கிழவனாக நடிப்பதற்கு எத்தனை திறன் வேண்டும் என்று சொல்லிக் கொடுக்க ஓர் எடுத்துக்காட்டுத் தேவைப்படுகிற இடத்தில் நாம் சகஸ்ரநாமத்தை எடுத்து வைக்கிறோம்.

மாசி மாதத்து அமாவாசை கழிந்ததும் தோட்டங்களில் காமன் ஊன்றுகிறார்கள். தப்பு முழங்க, பெளர்ணமி வரைக்கும் இரவுகள் தோறும் ஆட்டம் நடக்கிறது. காமன் எரிந்த இரவில் ரதி வேடம் புனைந்த தொழிலாளி நின்று ஒப்பாரி வைக்கும்போது, சூழ்ந்திருக்கும் பெண்கள் தத்தம் இழப்புகளை எண்ணி அழுவார்கள். வேடம் புனைந்தவனுக்குக் கூலி இல்லை. அவன் பெயர் எந்த ஏட்டிலும் பதியப்படுவதில்லை. விடிந்ததும் அரிதாரத்தைக் கழுவிவிட்டு, தொண்டை கம்மிய நிலையில், பெரட்டுக்களத்துக்குப் போய்ப் பேர் போடுவதற்காக வரிசையில் நிற்கிறான்.